வெந்நீர்க் கிணற்றடியில் ஒரு சஹன்

...எரிமலையாம் எரிமலை, இவன்ட மூஞ்சிக்கு எரிமலை, செங்கலடிச் சந்தியில் வேன் பதுளை ரோட்டுக்குத் திரும்பி ஐந்து நிமிஷம் ஆகவில்லை, அதற்குள் மைக்கைத் தூக்கிவிட்டான் மருமகன், முன்சீட்டில் முழங்கால் ஊன்றிப் பின்பக்கம் திரும்பிக்கொண்டு, கனம் பயணிகளே, நாங்கள் இப்பொழுது ஒரு காலத்தில் எரிமலை பொங்கிய பூமிக்குள் நுழைந்துகொண்டிருக்கிறோம் என்கிறான், சாரதியோடு சேர்த்துப் பன்னிரண்டு பேர் இருக்கிற வேனுக்கு மைக் எதற்கு, வாயைத் திறந்தால் காணாதா, முகைதீன்பாவாவுக்கு விடியற்காலையிலேயே பத்திக்கொண்டு வந்தது. ஏறாவூரில் இவனுடைய சுற்றுலாக் கொம்பனி தொடங்கி ஆறு மாதம்தான், வேன் பக்கவாட்டில் சிவப்பு மலை ஒன்று புகை கக்குகிறது, கீழே 'எரிமலைப் பாறையும் வெந்நீர் ஊற்றும், ஒரு நாள் பயணம், வழிகாட்டி அப்ஹாம்' என்று கொட்டை எழுத்து. மட்டக்களப்பில் எங்கேடா மலை, எங்கேடா நெருப்பு, மகா ஓயாவில் ஏழெட்டுச் சுடுதண்ணிக் கிணறு இருக்கிறது, அதைப் பார்க்க எரிமலையைக் கூப்பிடவேண்டுமா? பின்சீட்டில் களுவாஞ்சிகுடி ரீச்சர்மார் நாலு பேர், காசு கொடுத்து வந்தவர்கள், பாவம், கொப்பியில் எழுதிக்கூடக் கொள்கிறார்கள், நாளைக்குப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பார்கள், இந்தப் பொய் இப்படித்தான் ஊரெல்லாம் பரவும். மூத்த மகள் றிஸானா புருஷன் பேசுகிறதை வாயைப் பிளந்துகொண்டு கேட்கிறாள், மனைவி உம்மு குல்தூம் தலையை ஆட்டுகிறாள், ஆட்டட்டும், இந்த வீட்டில் அவன் சொன்னால் மழை, அவன் சொன்னால் வெயில். இருபத்தாறு வருஷம் சவூதியில் கிடந்து நாலு மாதத்துக்கு முன் வந்து இறங்கிய வாப்பாவை மாத்திரம் யாரும் ஒரு வார்த்தை கேட்பதில்லை, உங்கட முழங்காலுக்கு அந்தத் தண்ணி நல்லம் மாமா, ஏறுங்க என்றான், ஏறினார், அவ்வளவுதான்.

எரிமலைக் கல்லை இவன் கண்டிருக்கிறானா? அவர் கண்டிருக்கிறார், கண்டதென்ன, அதன் மேலேயே காலம் கழித்திருக்கிறார், மதீனாவுக்கு வெளியே ஹர்ரா என்று சொல்லும் கறுப்புக் கல் வெளி, கண்ணுக்கெட்டிய தூரம் கறுப்பு, புல் கிடையாது, பூண்டு கிடையாது, கால் வைத்தால் சப்பாத்தின் அடி கிழியும், கல்லைத் தூக்கினால் உள்ளே ஓட்டை ஓட்டையாக இருக்கும், பேக்கரிப் பாணைப் பிய்த்தாற்போல. அதன் நடுவே ரோட்டுப் போட்டார்கள், அவர் தண்ணி பவுசர் ஓட்டினார், தார் போடுகிறவர்களுக்கும் தூசி அடங்கவும் தண்ணி, காலை நாலு மணியிலிருந்து, வெயில் மேலேயிருந்தும் கல்லுக்குள்ளேயிருந்தும் அடிக்கும். மிஸ்ரி இன்ஜினியர் ஒருத்தர், எகிப்துக்காரர், சொன்னார், எண்ணூறு வருஷத்துக்குக் கிட்ட முன்னர் இங்கே நெருப்பு ஆறு மாதிரி ஓடி வந்து மதீனாவுக்குப் பக்கத்தில் நின்றதாம், அல்லாஹ் நிறுத்தினான் என்று. அதைக் கேட்ட அன்றிரவு நித்திரை வரவில்லை, ஒரு கல்லை எடுத்துப் பைக்குள் போட்டு வைத்திருந்தார், மூன்று கேம்ப் மாறினார், கல்லும் கூடவே வந்தது, வருகிற நேரம் பெட்டி பாரம் கூடிப்போய் எயார்போட்டில் வெளியே எடுத்து வைத்துவிட்டு வந்தார். இந்தக் கதையை வீட்டில் யாருக்காவது சொன்னாரா? சொல்ல எங்கே விட்டார்கள், வந்து இறங்கிய மறுநாளே மருமகன் தன்னுடைய வேனைக் காட்டக் கூட்டிக்கொண்டு போய்விட்டான்.

சரி, எரிமலை கிடக்கட்டும், அது இவனுடைய வாய், கூலிக்கு அடிக்கிற வாய், அதில் கோபப்பட்டு என்ன. நேற்று மேசன் கேட்டதுதான் நெஞ்சுக்குள் நிற்கிறது. வளவின் பின்பக்கம், பலா மரத்தடியில், கடைசியாகக் கிடைத்த சவூதிக் காசில் ரெண்டு அறையும் ஒரு குசினியுமாகச் சின்ன வீடு கட்டுகிறார், தனக்கும் உம்மு குல்தூமுக்கும், மௌத்தாகிற வரைக்கும் யாரும் எழுப்பாமல் கிடக்க ஓர் இடம், வேறென்ன கேட்டார். நேற்று மேசன் சாந்து குழைத்தபடியே கேட்கிறான், ஹாஜியார், மூணாவது அறையையும் சேத்துக் கட்டச் சொன்னாங்க, மாப்புள வீட்டு ஆக்கள் வந்து போகக் கதவ ரோட்டுப் பக்கம் வைக்கட்டாம், வைக்கவா? யாருடைய மாப்பிள்ளை? எந்த வீட்டு ஆட்கள்? எவர் சொன்னது? வீட்டு உம்மாதான் சொன்னா என்றான், அவ்வளவுதான். முன்வீடு, அவர் தார்ப்புகையைக் குடித்துக் கட்டின மாடிவீடு, றிஸானா கலியாணத்தோடு றிஸானாவுக்குப் போயிற்று, மகளுக்கு வீடு, மாப்பிள்ளை வந்து அதில் இருப்பார், அது ஊர் வழக்கம், அதை அவர் ஒரு பேச்சுப் பேசவில்லை, இப்போது தன்னுடைய மாடியிலேயே விருந்தாளி மாதிரிக் கதவு தட்டிவிட்டு உள்ளே போகிறார். மிச்சம் இருந்தது இந்த ரெண்டு அறை. சின்னவள் நிஸ்றா வந்தாறுமூலை கெம்பஸில் புவியியல் படித்து முடித்துவிட்டாள், அவளுக்கு ஏதோ பேசுகிறார்கள், எங்கேயோ ஒரு பையனைப் பார்த்துவிட்டார்கள், வீட்டையும் அவளுக்கென்று பேசி வைத்துவிட்டார்கள், அவருக்கு மட்டும் சொல்லவில்லை. சொல்லாமலே செய்யட்டும், பார்ப்போம், ஆதனம் அவர் பெயரில் இருக்கிறது, அவர் கை நாட்டாமல் எவன் வந்து குடியிருக்கிறான் என்று பார்ப்போம்.

இதையெல்லாம் மனசுக்குள்ளேதான் கொதித்துக்கொண்டிருந்தாரா அல்லது வாய்விட்டுச் சொன்னாரா, சொல்லியிருக்கிறார், ஏனென்றால் பக்கத்துச் சீட்டுக்காரர் ம்... ம்... என்று கேட்டுக்கொண்டிருந்தார். செங்கலடிச் சந்தியில் ஏறியவர்கள், ஓட்டமாவடி ஆட்கள், புருஷனும் பெண்சாதியும், சுற்றுலாவுக்கு வந்தவர்கள் என்று அப்ஹாம் சொன்னான், கச்சி முகம்மது என்று அந்த மனிசனே கையை நீட்டிப் பெயர் சொன்னார், வாழைச்சேனைக் கடதாசி ஆலையில் பொயிலர் பக்கம் முப்பது வருஷம் வேலை செய்து ஓய்வானவர், நரைத்த தாடி, அதிகம் பேசாத ஆள். அவருடைய பெண்சாதி ஸகியா முன்னால் நிஸ்றாவுக்குப் பக்கத்தில் இருக்கிறாள். யாரென்று தெரியாதவரிடம் கதைப்பது எவ்வளவு லேசு, வீட்டுக்காரரைப் போல இடையில் பாயமாட்டார், நீங்க சும்மா இரிங்க என்று சொல்லமாட்டார். உங்களுக்கும் மகள் இரிக்கா? ஓம், ரெண்டு பேர். வீடு குடுத்தீங்களா? குடுத்தன். இப்ப நீங்க எங்க இரிக்கீங்க? மூத்தவள்ட குசினிக்குப் பின்னால, கூரையச் சரிச்சுப் பத்தி இறக்கி. பாத்தீங்களா காக்கா! என்று அண்ணன் முறை கொண்டாடித் தொடையில் தட்டினார் முகைதீன்பாவா, நாம கட்டுறது, எவனோ வந்து கால நீட்டுறது, அதுக்குப் பேர் மாப்புள! என்ட ரெண்டு அறையக் கேட்டு எவனாவது வந்தானெண்டா காக்கா, கடப்படி வாசல்ல வெச்சே திருப்பி அனுப்புவன், வெட்கங்கெட்ட கூட்டம், வீடு இல்லாட்டிப் பொண்ணு வேணாமெண்டு சொல்ற நாயள் எங்கட மகளுக்கு எதுக்கு. கச்சி முகம்மது யன்னல் பக்கம் பார்த்துவிட்டு மெல்லச் சொன்னார், ஓம், வீடு பெரிய விசயம்தான். அதோடு நிறுத்தாமல், நீங்க சவூதியில எங்க இருந்தீங்க என்று கேட்டார், அவ்வளவுதான், ஹர்ரா, பவுசர், மிஸ்ரி இன்ஜினியர், எயார்போட்டில் விட்டுவந்த கல், கூட இருந்த கேரளாக்காரன் வெயிலில் விழுந்து செத்தது, கொட்டித் தீர்த்தார், கரடியனாறு எப்போது வந்து எப்போது போனதென்றே தெரியவில்லை. நல்ல மனிசன். நாலு மாதத்தில் அவர் சந்தித்த முதல் மனிசன்.

ஆனால் ஒன்று குத்திற்று, பத்தி இறக்கி என்று கச்சி முகம்மது சொன்ன விதம். மாமனாரும் அப்படித்தானே. அவர் கலியாணம் முடித்து உம்மு குல்தூமின் வீட்டுக்கு வந்த அன்று மாமனார் பாயையும் தலையணையையும் சுருட்டிக்கொண்டு பின்னால் மாட்டுக்கொட்டில் பக்கம் போனார், படங்கு கட்டி அதற்குள் படுத்தார், மாரியில் ஒழுகும், இருமுவார், ராத்திரி முழுக்க இருமல் கேட்கும், இந்த மனிசன் ஆசுபத்திரிக்குப் போனாலென்ன என்று உம்மு குல்தூமிடம் அவர் எரிந்து விழுந்தது ஞாபகம் இருக்கிறது, நித்திரை கெடுகிறதென்று. ஒரு நாளாவது அந்த மனிசன் வாய் திறந்தாரா, என் வீடு என்று சொன்னாரா? அது வேறு, அவர் காலம் வேறு, அவர் கட்டினது மண்வீடு, தாருக்குள் நின்று கட்டினாரா? இல்லையே. ஏன் இப்போது அந்த இருமல் ஞாபகம் வரவேண்டும், அதுவும் இந்த அப்ஹாமின் மைக் சத்தத்துக்கு நடுவில். சை.

புல்லுமலை தாண்டி ரோட்டோரத்தில் ஒரு பெரிய கறுப்புப் பாறை, வேனை நிறுத்தச் சொல்லிவிட்டான், எல்லாரையும் இறக்கி, பாறையில் கையை வைத்துக்கொண்டு, இதுதான் எரிமலை கக்கின கல், தொட்டுப் பாருங்க, இன்னும் சூடு இரிக்கி என்றான். வெயிலில் கிடக்கிற கல் சூடாகாமல் குளிருமா! அவ்வளவுதான், முகைதீன்பாவா வெடித்தார், டேய் மருமகன், அடக்குடா உன்ட வாய, எரிமலைக் கல்லு எப்பிடி இரிக்குமெண்டு எனக்கிட்டக் கேளு, இது எங்கட ஊர் மலைக்கல்லு, உரல் கொத்துற கல்லு, ரீச்சர்மாருக்குப் பொய் சொல்றியே வெக்கமா இல்லையா! ரீச்சர்மார் கொப்பியை மூடிவிட்டார்கள். அப்ஹாம் சிரித்தபடியே, மாமாவுக்கு வெயில் ஏறிட்டு என்றான், உம்மு குல்தூம் தலையில் கை வைத்தாள், ஆக்களுக்கு முன்னால, ஆக்களுக்கு முன்னால என்று பல்லுக்குள் சொன்னாள், எந்த ஆட்கள், ரீச்சர்மாருக்கா இவ்வளவு பயம்? அப்போது நிஸ்றா, யாரையும் பார்க்காமல், தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள், வாப்பா சொல்றது சரி மச்சான், இலங்கையில எரிமலையே இல்ல, மழைத்தண்ணி வெடிப்பால கீழ இறங்குது, ரெண்டு மூணு கிலோமீற்றர் ஆழம், அங்க சூடாகி வேற வெடிப்பால மேல வருது, அதுக்கு ஆயிரக்கணக்கான வருஷம்கூட ஆகலாம், அதுதான் வெந்நீர். கச்சி முகம்மது தலையை ஆட்டிக் கேட்டார், பொயிலர்காரர் அல்லவா, விளங்கியிருக்கும். முகைதீன்பாவாவுக்கு ஒரு நொடி நெஞ்சு நிமிர்ந்தது, என் மகள், என் பக்கம் பேசுகிறாள், படித்தவள். அவளைப் பார்த்துச் சிரிக்க நினைத்தார், அவள் அதற்குள் ஸகியாவின் கையைப் பிடித்து வேனுக்குள் ஏற்றிக்கொண்டிருந்தாள், யாரோ ஒரு கிழவியை என்ன இவ்வளவு தாங்குகிறாள் என்று அதற்கும் கோபம் வந்தது.

தரையைப் பார்த்துத்தான் எப்போதும் அவரோடு பேசுகிறாள். வந்த நாளிலிருந்து. போனில் எப்படிப் பேசினாள், ஞாபகம் எடுத்துப் பார்த்தால் போனில் அவள் பேசியதே குறைவு. வெள்ளிக்கிழமைதான் லீவு, ஜும்ஆ தொழுதுவிட்டுப் போன் காட் வாங்கி, பூத்துக்கு முன் வரிசையில் ஒன்றரை மணித்தியாலம் நின்று, பதினெட்டு நிமிஷம் கிடைக்கும், அதில் எத்தனை விசயம், மதில் ஏன் இன்னும் எழும்பவில்லை, மேசனை ஏன் மாற்றினாய், றிஸானா ஏன் சைக்கிளில் போனாள், என்னைக் கேட்காமல் யாருடைய கலியாணத்துக்குப் போனாய், கிழமை முழுக்க வெயிலில் நின்றவனுக்கு வேறென்ன வரும், அவர் கத்துவார், உம்மு குல்தூம் கேட்பாள், கடைசி ரெண்டு நிமிஷம் பிள்ளைகள். அப்போது நிஸ்றாவுக்கு ஆறோ ஏழோ வயது, ரிசீவருக்குத் தூரத்தில் அவளுடைய சின்னக் குரல் கேட்கும், உம்மா, வாப்பா ஏசி முடிஞ்சா? இப்ப நான் கதைக்கவா? கேம்ப்பில் அதைச் சொல்லி எல்லாருமாகச் சிரித்திருக்கிறார்கள், மலையாளிக்கும் விளங்கச் சொல்லிச் சிரித்தார். அவள் போனை எடுப்பாள், அவருக்கு என்ன கேட்பதென்று தெரியாது, சோறு திண்டியா மகள் என்பார், ஓம் என்பாள், அதோடு காட் முடிந்துவிடும், கீ என்று ஒரு சத்தம், பிறகு ஒன்றுமில்லை. அதற்குப் பிறகு வட்ஸ்அப் வந்தது, முகம் பார்த்துப் பேசலாம் என்று வந்தது, அதிலும் கேள்வி அதே கேள்விதான், பதில் அதே பதில்தான்.

மகா ஓயாவில் இறங்கியதும் தாழ்வாகச் சுவர் கட்டின கிணறுகள், மேலே ஆவி, ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு சூடு, ஒன்றில் கை வைக்கலாம், பக்கத்தில் இருப்பதில் விரல் வைத்தால் துள்ளிப் பாயவேண்டும், முட்டை போட்டுப் பார்ப்போமா என்று ரீச்சர்மார் கேட்டார்கள், காவல்காரர் வந்து சிங்களத்தில் கத்தினார், கத்தட்டும், அவரும் ஒரு மனிசன்தான், ஒரு நாளைக்கு எத்தனை பேருடைய முட்டையைத் தடுப்பார். முகைதீன்பாவா சாரனை முழங்காலுக்கு மேலே இழுத்துக்கொண்டு கிணற்றுக் கட்டின்மேல் உட்கார்ந்தார், கச்சி முகம்மதே வாளியில் மொண்டு அவருடைய காலில் ஊற்றினார், வேண்டாம் காக்கா என்று சொல்லியும் கேட்கவில்லை, பொயிலர்ல வேல செஞ்சவனுக்கு எந்தச் சூட்டுக்கு எவ்வளவு பச்சத்தண்ணி எண்டு தெரியும் என்று சிரித்தார். நல்ல சுகமாக இருந்தது, சொல்லக் கூடாது, சொன்னால் அப்ஹாமுக்கு வெற்றி, ஆனாலும் சுகமாகத்தான் இருந்தது. நெருப்பே இல்லாமல் இவ்வளவு சூடு என்று மனிசன் வியந்தபோது, நிஸ்றா சொன்னதை அவர் தன்னுடையது மாதிரித் திரும்பச் சொன்னார், கீழே போய், ஆழத்தில் கிடந்து, ஆயிரம் வருஷம் கழித்து. கெட்டிக்காரி உங்கட மகள் என்றார் கச்சி முகம்மது. ஓம், அதுக்குத்தான் சொல்றன், கண்டவனுக்கெல்லாம் குடுக்க மாட்டன் என்றார் இவர்.

பசி வந்தது, மருத மரத்து நிழலில் பாய் விரித்துவிட்டார்கள். ரீச்சர்மாருக்குச் சோற்றுப் பார்சல் கொடுத்துத் தூரத்துப் பெஞ்சுக்கு அனுப்பிவிட்டான் அப்ஹாம். இந்தப் பக்கம் ரெண்டு சஹன், நாலைந்து பேர் சுற்றியிருந்து ஒரே தட்டில் கை போட்டுத் தின்கிற பெரிய சஹன், கலியாண வீட்டில் வைப்பது, வெள்ளைத் துணி கட்டி வேனுக்குப் பின்னால் காலையிலேயே கிடந்தது, அவர் பார்த்தார். பார்த்தும் ஒன்றும் தோன்றவில்லை, கேம்ப்பில் ஒவ்வொரு நாளும் எட்டுப் பேர் ஒரே தட்டில்தான், இருபத்தாறு வருஷம், அவருக்குச் சஹன் என்றால் சோறு, அவ்வளவுதான். ஊரில் ஒருத்தன் பயணத்துக்குச் சஹன் கட்டிக்கொண்டு போனால் அதற்கு ஒரு காரணம் இருக்கும் என்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும், அவர் மறந்துவிட்டார். துணியை அவிழ்த்தால் நெய்ச்சோறு, ஆட்டிறைச்சி, பொரித்த கோழி, பக்கத்தில் இனிப்புக்கு வட்டிலப்பம் வேறு, யாருக்கு வட்டிலப்பம், அவருடைய முழங்காலுக்கா? ஆண்கள் சஹனில் அவர், கச்சி முகம்மது, அப்ஹாம், சாரதி. பெண்கள் சஹனில் ஸகியாவை நடுவில் இருத்தி றிஸானா விசிறுகிறாள், விசிறுகிறாள்! கை கழுவிவிட்டு எல்லாரும் குந்தினார்கள், யாரும் தொடவில்லை, உம்மு குல்தூம் அங்கேயிருந்து அவரையே பார்த்தாள். வைங்களேன் காக்கா என்றார் இவர். கச்சி முகம்மது தலையை ஆட்டினார், அந்தக் குரலில் கோபமும் இல்லை, கேலியும் இல்லை, இருந்தாலாவது பரவாயில்லை. சொன்னார், பொண்ணுட வாப்பா முதல்ல கை வைக்கணும். பொறகுதானே நாங்க.

பொண்ணுட வாப்பா. செங்கலடியிலிருந்து மகா ஓயா வரைக்கும். கடப்படியில் வைத்துத் திருப்பி அனுப்புவேன். வெட்கங்கெட்ட கூட்டம். நாயள். நாய்கள் என்று சொன்னாரே, தொடையில் தட்டித் தட்டிச் சொன்னாரே, யா அல்லாஹ், அந்த மனிசன் யன்னலைப் பார்த்துக்கொண்டு கேட்டாரே. முகைதீன்பாவா எழும்பினார், கை வைத்தால் சம்மதம் என்றாகிவிடும், சஹனில் இருந்து கை வைக்காமல் எழும்புவது எவ்வளவு பெரிய அவமரியாதை என்று தெரியும், தெரிந்தும் எழும்பினார், முழங்கால் வலிக்கவே இல்லை, கிணறுகளைத் தாண்டி, கடைசிக் கிணற்றுச் சுவர் வரை போனார். பின்னாலேயே உம்மு குல்தூம் ஓடிவந்தாள். இஞ்ச பாருங்க, வந்து இருங்க, அந்த மனிசன் பாத்துக்கிட்டு இரிக்காரு! எனக்கேன் சொல்லல்ல? சொன்னா நீங்க ஏசுவீங்க. நான் ஏசினா உனக்கென்ன, நான் அவள்ட வாப்பா! ஓம், போன்ல சொன்னாலும் ஏசியிருப்பீங்க, நேர்ல சொன்னாலும் ஏசியிருப்பீங்க, அதுதான் உங்களையும் பொடியன்ட வாப்பாவையும் பக்கத்தில இருத்தினா, ஆளப் பழகினா, உங்களுக்குப் பிடிச்சிரும் எண்டு நாங்க நினைச்சம். கெம்பஸ்ல நிஸ்றாவோட படிச்ச பொடியன், இப்ப வாத்தியார், அவள் வாய் திறந்து எனக்கிட்டக் கேட்டது இது ஒண்டுதான், அவங்க வீடு கேக்கல்ல, ஆனா வீடு இல்லாட்டி மாப்புள எங்க வந்து இரிக்கிற, நீங்களே சொல்லுங்க. நான் எங்க இரிக்கிற? என்று கத்தினார் அவர், காவல்காரர்கூடத் திரும்பிப் பார்த்தார், நான் எங்கடி இரிக்கிற, அதையும் யாராவது கேட்டீங்களா? உம்மு குல்தூம் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு திரும்பி நடந்தாள்.

பிடித்துவிடும் என்று நினைத்தார்களாம்! பிடித்ததே, அதுதானே கொடுமை, பிடித்துத்தானே எல்லாவற்றையும் கொட்டினார், என்னவெல்லாம் சொன்னார், கேரளாக்காரன் செத்ததைச் சொன்னார், கல்லைச் சொன்னார், இதையெல்லாம் கட்டின பெண்சாதிக்குச் சொன்னதில்லை, பெற்ற பிள்ளைகளுக்குச் சொன்னதில்லை, யாரோ என்று நினைத்த ஒருத்தருக்கு ஒன்றரை மணித்தியாலத்தில் முழுச் சீவியமும் கொடுத்தார், பிள்ளைகளுக்கு என்ன கொடுத்தார், மாடிவீடு கொடுத்தார், சரி, மாடிவீடு, அதற்கு மேலே? கூப்பிட்ட ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் ஏச்சு. ஏச்சுக் கேட்டு வளர்ந்தவர்கள் ஏச்சுக்குப் பயந்து ஒளிக்கிறார்கள், அதற்கும் ஏசுகிறார். அப்படியென்றால் பிழை அவருடையதா? இல்லை, ஏன் அவருடையது, வெயிலில் நின்றது யார், தார் குடித்தது யார், ஒரு மனிசனுக்கு ரெண்டு அறை கேட்க உரிமை இல்லையா? இருக்கிறது, இருக்கத்தான் செய்கிறது, அதை யாரும் இல்லை என்று சொல்லவுமில்லை. பின் ஏன் அந்த மனிசன் அவ்வளவும் கேட்டுவிட்டும் வாளியில் மொண்டு காலில் ஊற்றினார், ஏன் முதல் கை வைக்கச் சொன்னார், எங்களுக்குச் சம்மதம் என்கிறாரா, இல்லை, முடிந்தால் வைத்துப் பார் என்கிறாரா? ஊற்றும்போது எப்படி முகத்தை வைத்திருந்தார் என்று நினைத்துப் பார்த்தார், ஞாபகம் வரவில்லை, அவர் தன்னுடைய காலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

சருகு மிதிபட்டது. நிஸ்றா. கிணற்றுக்கு அந்தப் பக்கம், சுவருக்கு அப்பால், ஆவிக்குள் நின்றாள், கிட்ட வரவில்லை. கண்ணைத் துடைத்திருக்கிறாள், அல்லது ஆவிதானோ. அவள் கேட்டாள், வாப்பா, ஏசி முடிஞ்சா? நக்கலாகக் கேட்கவில்லை, சின்னப் பிள்ளையில் கேட்ட அதே மாதிரி, முடிந்தால் நான் கதைக்கலாமா என்று அறிய வேண்டித்தான் கேட்டாள். முடிஞ்சி என்றார். அவருக்கிட்ட என்ன கதைச்சீங்க வேனுக்குள்ள? வீட்டப் பத்தி, மகள். ஏசினீங்களா? ஓம், ஏசினன், யாரெண்டு தெரியாம ஏசிட்டன். அவள் சுவரில் கையை வைத்துச் சூடு பொறுக்காமல் எடுத்தாள். அங்கே மருத மரத்தடியில் மூன்று ஆண்களும் மூன்று பெண்களும் ரெண்டு சஹனையும் சுற்றிக் கையைக் கட்டிக்கொண்டு அசையாமல் இருப்பது இங்கேயிருந்து தெரிந்தது. சொல்லவேண்டும், ஏதாவது சொல்லவேண்டும், ஹர்ராவைச் சொல்லவேண்டும், எயார்போட்டில் விட்ட கல்லைச் சொல்லவேண்டும், ரெண்டு அறையை என்ன செய்வதென்று சொல்லவேண்டும், அது அவருக்கே இன்னும் தெரியாது. வாயில் வந்தது இதுதான், சோறு திண்டியா மகள்?

இல்ல வாப்பா, நீங்க இன்னும் கை வைக்கல்லையே என்றாள் அவள். இருபது வருஷத்தில் முதல் தடவையாக அந்தக் கேள்விக்கு ஓம் என்று பதில் வரவில்லை. கீ என்ற அந்தச் சத்தத்துக்கு முகைதீன்பாவாவின் காது தானாகக் காத்திருந்தது. ஒன்றும் கேட்கவில்லை. காட் முடியவில்லை, அவள் போகவும் இல்லை, பதில் சொல்லவேண்டியவர் அவர்தான்.